காலம் வந்தது என்போம், வந்தார் என்பதில்லை

கொஞ்சம் நீளமான பதிவு. சமையலை முடித்துவிட்டு, உட்கார்ந்து நிதானமாகப் படியுங்கள்.

கோயம்புத்தூரில் என்ஜினீயரிங் படிக்கும் என் பேரன் நண்பர்களோடு சேர்ந்து ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டு தயாரிக்கிறான். அதில் ஒரு நாடு. அந்த நாட்டு மக்களுக்குக் காலம்தான் சாமி, அந்தச் சாமி ஒரு பெரிய மிஷின். கர்ப்பகிரகத்துக்குள் பல்சக்கரங்கள் சுற்றும். பூசாரி கையில் தீர்த்தச் செம்புக்குப் பதில் எண்ணெய்க் குப்பி. "அப்பத்தா, இந்த மதம் நாங்களே கண்டுபிடிச்சது. நல்ல தமிழ்ப் பேரா ஒண்ணு சொல்லுங்க" என்றான். "நீ எங்கேடா கண்டுபிடிச்ச? நான் முப்பத்தோரு வருஷம் அந்தக் கோவில்லதான் வேலை பார்த்தேன்" என்றேன். அவனுக்குப் புரியவில்லை. உங்களுக்குப் புரியும்.

நம் பள்ளிக்கூடத்தில் வேப்பமரக் கிளையில் கம்பி போட்டுக் கட்டித் தொங்கிய தண்டவாளத் துண்டு ஞாபகம் இருக்கிறதா? இரும்புக் கம்பியால் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினால் ஊர் எல்லை வரை கேட்கும். அது சொன்னால் உட்கார்ந்தோம், அது சொன்னால் எழுந்தோம். நான் யாப்பு நடத்திக்கொண்டிருந்தாலும் சரி, ஒருவன் கண் கலங்கித் தன் வீட்டுக் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தாலும் சரி, மணி அடித்தால் அத்தோடு நின்றது. தொப்பம்பட்டிப் பக்கமிருந்து வரும் பேருந்து பழுதானதற்கு அந்த இரும்பு இரக்கம் காட்டியதில்லை. சரஸ்வதி பூசைக்கு அலுவலகத்தைக் கழுவிவிட்டு பீரோவுக்கும் தட்டச்சு மிஷினுக்கும் பொட்டு வைத்த கையோடு, சுவர்க் கடிகாரத்தின் கண்ணாடிக்கும் சந்தனம் குங்குமம் வைத்தோம். பிறகு வெளியே போய்த் தண்டவாளத்துக்கும் வைத்தோம். ஓய்வு பெற்று இத்தனை வருடம் ஆகியும் காலை ஒன்பதரை மணிக்கு என் கால்கள் தானாக எழுந்து நிற்கப் பார்க்கின்றன. இதைப் பக்தி என்று சொல்லாமல் வேறு என்னவென்று சொல்வது?

பேரனுக்காக நான் புத்தகங்களைப் புரட்ட ஆரம்பித்தேன். பழைய நோட்டுகளையும் எடுத்தேன்.

காலமே முழுமுதல் என்று சொன்னவர்கள் இந்த நாட்டில் உண்மையாகவே இருந்திருக்கிறார்கள். அதர்வ வேதத்தின் 19-ஆம் காண்டத்தில் காலத்தைப் பற்றி இரண்டு பாடல்கள் அடுத்தடுத்து வருகின்றன. அங்கே காலம் ஏழு கடிவாளம் பூட்டிய குதிரை. உலகங்கள் எல்லாம் அதன் சக்கரங்கள். வானமும் பூமியும் பிறந்தது காலத்திலிருந்து என்கிறது பாட்டு. உலகத்துக்குக் காரணம் எது, காலமா, இயல்பா, விதியா, தற்செயலா என்று சுவேதாசுவதர உபநிடதம் தொடக்கத்திலேயே கேட்கிறது. கேள்வியின் வரிசையில் காலம் முதலில் நிற்கிறது என்றால், காலம்தான் காரணம் என்று வாதாடிய ஒரு கூட்டம் அன்று கண்ணெதிரே இருந்திருக்க வேண்டும். காலவாதிகள் என்றே அவர்களுக்குப் பெயர். இவ்வளவு தூரம் போக வேண்டாம் என்பவர்கள் சட்டைப் பையிலிருக்கும் பழுப்பு நிறப் பத்து ரூபாய்த் தாளைப் பின்பக்கம் திருப்பிப் பாருங்கள். கொனாரக் சூரியன் கோவில், 13-ஆம் நூற்றாண்டு. 24 சக்கரமும் ஏழு குதிரையும் பூட்டிக் கோவிலையே தேராகச் செய்து வைத்திருக்கிறார்கள். பேரனுடைய மிஷின் சாமிக்கு இதைவிடப் பெரிய கர்ப்பகிரகம் கட்ட முடியாது.

சீனாவிலும் ஒரு வேடிக்கை நடந்திருக்கிறது. மத்தேயோ ரிச்சி என்ற இத்தாலியப் பாதிரியார் 1601-இல் பெய்ஜிங் அரண்மனைக்குத் தானே மணியடிக்கும் கடிகாரங்களைப் பரிசாகக் கொண்டுபோனார். மதத்தைப் பரப்பப் போனவர் அவர். பிற்காலத்தில் ஷாங்காய் கடிகாரக்காரர்கள் அவரையே தங்கள் தொழிலின் காவல் தெய்வமாக வைத்துக் கும்பிட்டார்கள்! நம் பட்டறைகளில் ஆயுத பூசையன்று திருப்புளிக்குப் பொட்டு வைக்கிற மனசுதான் அங்கேயும்.

தமிழுக்கு வருகிறேன். எனக்குப் பிடித்த இடமும் இதுதான். உயர்திணை, அஃறிணை நடத்தும்போது பாடப் புத்தகத்தில் இல்லாத ஒரு செய்தியை உங்களுக்குச் சொல்லியிருக்கிறேன். யாருக்காவது ஞாபகம் இருக்கலாம். தொல்காப்பியம் கிளவியாக்கத்தில் ஒரு நூற்பா பத்துச் சொற்களைப் பட்டியல் போடுகிறது. ஞாயிறு, திங்கள், உலகம், உயிர், உடம்பு எல்லாம் அதில் உண்டு. பட்டியலின் முதல் சொல் காலம். உரைகாரர்கள் இதற்குக் காலக் கடவுள் என்றே பொருள் சொல்கிறார்கள். அதாவது, பொருளால் இவை உயர்திணை. ஆனால் வினைமுடிவு மட்டும் அஃறிணையில் வரும். காலம் வந்தது என்போமே தவிர, வந்தார் என்பதில்லை. சாமி என்று ஒத்துக்கொண்டாயிற்று, ஆனால் பேசும்போது 'அது'தான். சக்கரம் சுழன்றது, நீர் வடிந்தது, காலம் வந்தது. காலத்தைத் தெய்வமும் எந்திரமுமாக ஒரே சொல்லுக்குள் வைத்த வேலையை, பேரனுக்கு எத்தனையோ நூற்றாண்டு முன்னாலேயே நம் இலக்கணக்காரர் முடித்துவிட்டார்.

உயிரை எடுக்க வருபவனுக்கு மட்டும் ஆண்பால் கொடுத்தோம். காலன் வந்தான். அந்தக் காலனையும் சும்மா விடவில்லை, திருக்கடையூரில் சிவன் காலால் உதைத்தார். அறுபதாம் கல்யாணத்துக்கும் எண்பதாம் கல்யாணத்துக்கும் அங்கே போய் மாலை மாற்றிக்கொள்கிறோம். இறந்தவரைக் காலமானார் என்கிறோம். அவரே காலம் ஆகிவிட்டார் என்பது எவ்வளவு பெரிய சொல்! வாட்ஸப்பில் வாரத்துக்கு இரண்டு முறை பார்க்கிறோம், கைகூப்பும் படம் ஒன்று போட்டுவிட்டுக் கடந்து போகிறோம்.

முல்லைப்பாட்டில் பாசறைக் காட்சி நடத்தியிருக்கிறேன். சிறு ஓட்டை வழியே நீர் கசியும் கன்னலைப் பார்த்துப் பொழுது அளப்பவர்கள் வந்து, அரசனைக் கைகூப்பி வாழ்த்தி, இத்தனை நாழிகை ஆயிற்று என்று சொல்வார்கள். ஒரு நாழிகை 24 நிமிடம், ஒரு நாளுக்கு 60 நாழிகை. அவர்கள் கும்பிட்டது அரசனை. கன்னலை யாரும் கும்பிடவில்லை என்பதைக் கவனியுங்கள். இதே கணக்கை லூ. தா. சுவாமிக்கண்ணு பிள்ளை கையில் எடுத்துப் பல நூற்றாண்டுகளுக்கான பஞ்சாங்கத்தைக் கணித்து 1922-இல் பெரிய நூலாக வெளியிட்டார். கல்வெட்டுத் தேதிகளைச் சரிபார்க்க ஆராய்ச்சிக்காரர்களுக்கு அது இன்றும் கைக்கருவி. பஞ்சாங்கத்தை மூடநம்பிக்கை என்று ஒரே சொல்லில் தள்ளுகிறவர்களோடு எனக்கு ஒத்துப்போவதில்லை. அது வானத்தைப் பார்த்துப் போட்ட கணக்கு. கணக்கை விட்டுவிட்டு எண்ணை மட்டும் கும்பிட ஆரம்பித்த இடத்தில்தான் எனக்குச் சண்டை.

ராகுகாலத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். சூரியன் உதித்து மறையும் வரை உள்ள பகலை எட்டுப் பங்காகப் பிரித்து, கிழமைக்கு ஒரு பங்கை ராகுவுக்குக் கொடுக்க வேண்டும். இதுதான் விதி. ஆறு மணிக்கு உதயம், ஆறு மணிக்கு அஸ்தமனம் என்று வைத்துக்கொண்டால் ஒரு பங்கு ஒன்றரை மணி நேரம், நாழிகையில் மூன்றே முக்கால். திங்கட்கிழமைக்கு இரண்டாவது பங்கு, ஆகவே ஏழரையிலிருந்து ஒன்பது. தினம் கிழிக்கும் காலண்டரில் வருடம் முழுவதும் இதே எண்தான்.

ஆனால் கீரனூரில் சூரியன் என்றைக்கு ஆறுக்கு உதித்து ஆறுக்கு மறைந்தது? நம் கடிகாரம் காட்டுவது நம் ஊர் நேரமே இல்லை. உத்தரப் பிரதேசத்தில் மிர்சாபூர் பக்கம் போகும் 82½ பாகைக் கோட்டின் நேரம் அது. 1906 சனவரி 1 முதல் இந்தியாவுக்குப் பொதுவாக வைத்தது. நாம் இருப்பது சுமார் 77½ பாகையில். பாகைக்கு நான்கு நிமிடம். ஐந்து பாகைக்கு இருபது நிமிடம் நம் சூரியன் பின்தங்கி வருகிறது. அதற்கு முன்னால் ரயில்காரர்கள் வைத்திருந்தது மதராஸ் நேரம். 1792-இல் நுங்கம்பாக்கத்தில் கம்பெனிக்காரர்கள் கட்டிய வானாய்வகம் கணித்தது அது. அதற்கும் நம் ஊருக்கும்கூடப் பதினோரு நிமிட வித்தியாசம் உண்டு. ரயில் மோதாமல் இருக்கவும் தந்தி குழம்பாமல் இருக்கவும் செய்துகொண்ட ஏற்பாடு. நல்ல ஏற்பாடுதான். ராகுவுக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது.

சனவரிக் கடைசியில் நம் ஊரில் சூரியன் உதிக்க ஆறே முக்கால் ஆகப்போகும். அன்றைய பகல் கொஞ்சம் குட்டை. எட்டால் வகுத்தால் ஒரு பங்கு ஒன்றரை மணிக்குச் சற்றுக் குறைவு. விதிப்படி அந்தத் திங்கட்கிழமை ராகுகாலம் எட்டுப் பத்து வாக்கில் தொடங்கி ஒன்பதரை தாண்டி முடிகிறது. ஒன்பது அடித்ததும் "அப்பாடா" என்று நாம் வாசற்படி இறங்குகிறோமே, அது ராகுவின் நட்டநடு மடி! பஞ்சாங்கம் கணிப்பவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். கேட்டால் உதயத்திலிருந்து எண்ணச் சொல்வார்கள். நாம்தான் கேட்பதில்லை.

நம் ஊர்ப் பள்ளிவாசலில் இந்தச் சிக்கல் இல்லை. மஃரிப் பாங்கு சூரியன் மறைந்த பிறகுதான், லுஹர் நேரம் சூரியன் உச்சி சாய்ந்த பிறகுதான். தொழுகை அட்டவணையில் எண்கள் நாளுக்கு நாள் நகர்ந்துகொண்டே இருக்கும். நம் ஊர் உச்சிப்பொழுது பன்னிரண்டுக்கு அல்ல, சராசரியாகப் பன்னிரண்டு இருபதுக்கு என்பது அந்த அட்டவணையைப் பார்க்கும் எட்டாம் வகுப்புப் பையனுக்குக்கூடத் தெரியும். தெற்கே தெரிகிற மலையில் கொடைக்கானல் வானாய்வகம் 1899-இல் தொடங்கியது. அங்கே 1904 முதல் சூரியனைப் படம் பிடித்து வருகிறார்கள். ஒரே சூரியனை ஒரே மாவட்டத்தில் இத்தனை விதமாகப் பார்க்கிறோம்.

இதையெல்லாம் இப்போது எழுத ஒரு காரணம் இருக்கிறது. என்னிடம் படித்த ஒரு பெண் இந்த வருடம் பங்குனி மாதம் அழைத்தாள். பெயர் போடாமல் எழுதச் சம்மதம் கொடுத்திருக்கிறாள். இரண்டாவது பிரசவம். முதலாவதும் ஆபரேஷன் என்பதால் இதற்கும் நாள் குறித்துத்தான் செய்ய வேண்டும். 39 வாரம் முடியட்டும், ஏப்ரல் கடைசி வாரம் வைத்துக்கொள்ளலாம் என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். மாமியாருக்கு அது ஒத்துவரவில்லை. ஏப்ரல் 14 சித்திரை பிறந்துவிடும். சித்திரையில் பிள்ளை பிறந்தால் குடும்பத்துக்கு ஆகாது. பங்குனி முடிவதற்குள் நல்ல நட்சத்திரமாகப் பார்த்து எடுத்துவிட வேண்டும். இந்த டாக்டர் மாட்டேன் என்றால் செய்து தர வேறு இடம் இருக்கிறது என்று பேச்சு நடக்கிறது. "டீச்சர், நீங்க பஞ்சாங்கமெல்லாம் படிச்சவங்க. அத்தைகிட்ட ஒரு வார்த்தை பேசுங்களேன்" என்றாள். குரலில் அழுகை இருந்தது.

இரண்டு வாரம்தானே என்று எனக்கும் முதலில் பெரிதாகத் தெரியவில்லை. விசாரித்தேன். வயிற்றில் கடைசி வாரங்களில்தான் பிள்ளையின் நுரையீரல் வெளிக்காற்றுக்குத் தயாராகிறது. தக்க மருத்துவக் காரணம் இல்லாமல் 37, 38 வாரத்தில் ஆபரேஷன் செய்து எடுத்த பிள்ளைகளுக்கு மூச்சுத் திணறல் வருவது கூடுதல். 39 வாரம் என்று டாக்டர்கள் சொல்வது அதற்காகத்தான்.

சித்திரைப் பயம் எப்படி வந்தது என்பதற்கு என்னிடம் ஓர் ஊகம் உண்டு. அது கடும் வெயில் மாதம். பச்சை உடம்புக்காரியும் சிசுவும் அனலில் கிடந்து என்ன பாடுபட்டிருப்பார்கள்! ஆடியில் புதுப்பெண்ணைத் தாய்வீட்டுக்கு அழைப்பதும் இந்தக் கணக்கில் சேர்ந்ததுதான். அந்தச் சித்திரையாவது நின்ற இடத்தில் நிற்கிறதா என்றால் அதுவும் இல்லை. ஏறத்தாழ ஆயிரத்து எழுநூறு வருடம் முன்னால் மேட மாதப் பிறப்பு, பகலும் இரவும் சமமாகும் மார்ச் நாளை ஒட்டி வந்தது. கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்து இன்று 24 நாள் தள்ளி நிற்கிறது. மிஷின் மெதுவாக நழுவிக்கொண்டே இருக்கிறது.

இந்தக் கணக்கையெல்லாம் மனதில் அடுக்கிக்கொண்டுதான் மாமியாரிடம் பேசினேன். மரியாதையான மனுஷி. எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "நீங்க சொல்றது சரிதானுங்க டீச்சரம்மா. இருந்தாலும் மனசு கேக்கணுமில்லீங்க" என்றார். இருபது நிமிட வித்தியாசமும் 24 நாள் நழுவலும் அந்த ஒரு வார்த்தைக்கு முன்னால் நிற்கவில்லை.

வேறு வழி தெரியாமல் கேட்டேன். "ஏனுங்க, உங்க வீட்டுல சித்திரையில பொறந்தவங்க யாருமே இல்லீங்களா?"

கொஞ்ச நேரம் பேச்சே இல்லை. "எங்க பெரியண்ணன் இருக்காருங்க. அவரு பொறந்த மூணாம் வருஷம் எங்கப்பாவைப் பாம்பு கடிச்சுப் போயிட்டாரு. அப்ப நான் கைப்புள்ள. இவன் பொறந்த நேரம்தான்னு எங்க அப்பத்தா சாகற வரைக்கும் சொல்லிட்டே இருந்துச்சு. சோறு போடறப்பக் கூடச் சொல்லும். எங்களை வளத்து, எனக்குச் சீர் செஞ்சு கட்டிக் குடுத்தது எல்லாமே அந்த அண்ணன்தானுங்க. இன்னிக்கு வரைக்கும் எந்த நல்ல காரியத்துலயும் முன்னால வந்து நிக்க மாட்டாரு. அந்தப் பேச்சு எம் பேரப்புள்ளைக்கு வேண்டாம்னுதானுங்க நான் கெடந்து அடிச்சுக்கறேன்."

பிடிவாதக்காரி என்று நான் நினைத்திருந்த அம்மாவின் பயம் எதைப் பார்த்து என்பது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. கிரகத்தைப் பார்த்து இல்லை. சோற்றுத் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்திருந்த ஒரு சின்னப் பையனைப் பார்த்து.

"அந்தப் பேச்சைப் பேசினது சித்திரை இல்லீங்களே, உங்க அப்பத்தாதானுங்களே. இந்த வீட்டுல இனிமே அப்பத்தா நீங்கதானுங்க" என்றேன். அதற்கு மேல் எனக்கும் சொல்ல எதுவும் வரவில்லை. அவர் பதில் சொல்லாமல் போனை மருமகளிடம் கொடுத்துவிட்டார்.

இரண்டு நாள் கழித்துச் செய்தி வந்தது: "டாக்டர் சொன்ன தேதிதான் டீச்சர். அத்தையே போய்ச் சொல்லிட்டு வந்துட்டாங்க." ஏப்ரல் கடைசியில் பெண் குழந்தை. மூன்று கிலோவுக்கு மேல். பிறந்ததும் ஆஸ்பத்திரி வராந்தா வரை கேட்கிற மாதிரி அழுதாளாம்.

மே மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் தொட்டில் கட்டினார்கள். நானும் போயிருந்தேன். நாலரையிலிருந்து ஆறு ராகுகாலம் என்று எல்லோரையும் உட்கார வைத்துக் காப்பி கொடுத்தார்கள். சுவர்க் கடிகாரத்தில் ஆறு அடித்ததும் மாமியார் எழுந்து விளக்கேற்றினார். வெளியே வெயில் இன்னும் தென்னை மட்டையில் நின்றது. அன்று சூரியன் மறைய ஆறரைக்கு மேல் ஆகும். விதிப்படி ஞாயிற்றுக்கிழமைக்குப் பகலின் கடைசிப் பங்குதான் ராகுகாலம். ஐந்து மணி வாக்கில் தொடங்கியது, முடிய இன்னும் அரை மணிக்கு மேல் இருந்தது. என் மாணவி கடிகாரத்தைப் பார்த்தாள், ஜன்னலைப் பார்த்தாள், என்னைப் பார்த்து உதட்டைக் கடித்துக்கொண்டாள். இந்தக் கணக்கை அவளுக்குச் சொல்லிக் கொடுத்தவள் நான்தான். வாயைத் திறக்காதே என்று கண்ணாலேயே சொன்னேன்.

"அண்ணா, நீங்க வாங்க. நீங்கதான் மொதல்ல போடோணும்" என்று மாமியார் வாசல் பக்கம் பார்த்துக் கூப்பிட்டார். திண்ணையில் ஒதுங்கி உட்கார்ந்திருந்த அந்தப் பெரியவர் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு உள்ளே வந்து, பிள்ளையை இரண்டு கையாலும் வாங்கித் தொட்டிலில் போட்டார்.